ரஷ்யாவுக்கான முடிவு

கோபன்ஹேகன்
12 செப்டம்பர் 1911

அன்புள்ள தோரா அக்கா,

பல்வலியைத் தவிர எனக்கு இங்கே ஒரு குறையும் இல்லை. சைபீரியாக் குளிர் ஆரம்பிக்கும் முன் உன் முழங்கால் எப்படி இருக்கிறது? லவ்ரிட்ஸ் அத்தானின் வெண்ணெய் டிப்போ நன்றாக நடக்கிறதா? குட்டி போடிலுக்கு நான்கு வயது முடிந்திருக்குமே. பேச்சில் உன்னைக் கொண்டிருக்கிறாளா, இல்லை அத்தான் மாதிரி கேட்டால்தான் பதிலா?

ஒரு சமாசாரம் சொல்கிறேன், திட்டாதே. நாடகக் கம்பெனியை விட்டுவிட்டேன். மாட்டுச் சந்தைக்குப் பக்கத்தில் மேடை போட்டு, கடைசி வரிசைக்குக் கேட்கட்டும் என்று கத்திக் கத்தித் தொண்டை போனதுதான் மிச்சம். இப்போது தொண்டையே தேவைப்படாத இடத்தில் சேர்ந்திருக்கிறேன். சினிமாப் படம் எடுக்கிறார்கள் அக்கா. ஊருக்கு வெளியே, கூரையெல்லாம் கண்ணாடி போட்ட பெரிய கொட்டகை. வெயில் இருந்தால் வேலை, மேகம் வந்தால் காப்பி. ஒரு ஆள் கையால் சுற்றிப் படம் பிடிக்கிற பெட்டி ஒன்று எதிரில் நிற்கும். அதற்கு முன்னால் நாம் என்ன வேண்டுமானாலும் பேசலாம். கதாநாயகி உருகி உருகிக் காதல் வசனம் பேசுவதாக நீ நினைப்பாய். அந்த அம்மாள் நேற்று சாப்பிட்ட மீன் கெட்டுப்போயிருந்ததைத்தான் சொல்லிக்கொண்டிருந்தாள்.

எனக்கு வேலைக்காரக் கிழவன் வேஷம். முப்பத்து மூன்று வயதில் கிழவன்! மொட்டை மண்டையும் விழுந்துபோன முன்பல்லும்தான் என் மூலதனம். விளக்கை எடுத்துக்கொண்டு கதவைத் திறக்கிறேன், அவ்வளவுதான் வேலை.

அந்தப் படத்தைப் போன வாரம் டிக்கெட் வாங்கிப் போய்ப் பார்த்தேன். கதவு திறந்தது. நான் வந்தேன். என் முதுகு அப்படிக் கூனும் என்று எனக்கே தெரியாது. என் அருகில் உட்கார்ந்திருந்தவர் என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அங்கே ஒரு ஹோல்கர், இங்கே ஒரு ஹோல்கர். எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது.

அப்பாவிடம் சொல்லிவிடாதே. தெரிந்தால் அவருடைய சுங்க அலுவலகத்திலேயே என்னைப் பிடித்து அடைத்துவிடுவார்.

போடிலுக்கு அவள் மாமனின் முத்தம்.

உன் தம்பி
ஹோல்கர்

ஓம்ஸ்க்
20 ஜனவரி 1912

என் தம்பி ஹோல்கருக்கு,

நாங்கள் மூவரும் உயிரோடு இருக்கிறோம். கையுறை இல்லாமல் கதவுப் பிடியைத் தொட்டால் தோல் ஒட்டிக்கொள்கிற ஊரில் அதுவே பெரிய சுகம். பல்லைப் பிடுங்கித் தொலை, வேஷத்துக்கும் உதவும்.

உன்னைப் பார்த்துவிட்டேன்டா! கல்யாணமாகி வந்து ஆறு வருஷம், உன் முகம் எனக்கு மறக்க ஆரம்பித்திருந்தது. சனிக்கிழமை அத்தான் எங்களைப் படக்கொட்டகைக்குக் கூட்டிப்போனார். வண்டிக்காரர்கள், சிப்பாய்கள், ஆட்டுத்தோல் கோட்டுப் போட்ட கிர்கீஸ்காரர்கள், வெண்ணெய் கடையும் பெண்கள் எல்லோரும் பெஞ்சில் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தார்கள். படம் பளிச்சென்று தெரியத் திரைச்சீலையில் தண்ணீர் அடித்து நனைத்தார்கள், விளக்கை அணைத்தார்கள். கதவு திறந்தது. விளக்கோடு நீ வந்தாய். நான் எழுந்து நின்று நம் பாஷையிலேயே, "அது என் தம்பி" என்று கத்திவிட்டேன். பின்னால் இருந்தவர்கள் ரஷ்ய மொழியில் என்னைத் திட்டினார்கள். அத்தான் என் பாவாடையைப் பிடித்து இழுத்து, "உட்காரு தோரா, மானம் போவுது" என்றார். போடில் மட்டும் உனக்குக் கையாட்டிக்கொண்டே இருந்தாள். மாமா ஏன் திரும்பக் கையாட்டவில்லை என்று வீடு வரும்வரை கேட்டாள்.

இந்த மனித மூளையை என்னவென்று சொல்வது! எத்தனை ஆறு, எத்தனை காடு, ரயிலில் எத்தனை நாள். அத்தனையையும் தாண்டி என் தம்பியின் கூன் முதுகைச் சுருட்டி டப்பாவில் போட்டு அனுப்பியிருக்கிறார்கள். ராத்திரியெல்லாம் தூக்கம் வரவில்லை எனக்கு.

ஆனால் ஒரு கோபம். கடைசியில் வீடு தீப்பிடித்து நீ உள்ளேயே வெந்து செத்துப்போகிறாயே, அதைப் பற்றி ஒரு வரி எழுதக் கூடாதா? எங்கள் சமையல்காரி பிரஸ்கோவ்யா அழுது அழுது முகம் வீங்கிவிட்டாள்.

உடனே பதில் எழுது. நீ எழுதினால்தான் நீ சாகவில்லை என்று பிரஸ்கோவ்யாவிடம் சாதிக்க முடியும்.

அக்கா
தோரா

கோபன்ஹேகன்
16 பிப்ரவரி 1912

அக்கா,

பல் போயிற்று, வலியும் போயிற்று. நீங்கள் மூவரும் இதே மாதிரி சௌக்கியமாக இருக்க வேண்டும்.

நீ எழுதியதைப் படித்து வயிறு குலுங்கச் சிரித்தேன். இங்கே ஓடிய படத்தில் தீயில் யாருமே சாவதில்லை! நான் ஜன்னலைத் திறந்துவிடுகிறேன், எல்லோரும் தப்பிக்கிறார்கள், கல்யாணம் நடக்கிறது. கூட்டத்தில் நானும் கைதட்டிக்கொண்டு நிற்கிறேன்.

விஷயம் இதுதான். ரஷ்யாவில் படம் வாங்குகிறவர்கள் எங்கள் முதலாளிக்கு எழுதியிருக்கிறார்கள்: எங்கள் ஜனம் காசு கொடுத்துக் கல்யாணம் பார்க்க வராது, அழுகைதான் வேண்டும் என்று. அதனால் ஒவ்வொரு படத்துக்கும் இரண்டு முடிவு எடுக்கிறோம். நல்ல முடிவு எங்களுக்கும் ஆங்கிலேயருக்கும். கெட்ட முடிவு உங்களுக்கு. அதைக் கடைசி நாள் சாயங்காலம் அவசர அவசரமாக எடுப்பார்கள். கதாநாயகருக்கு அன்றைக்கு மேடை நாடகம் இருக்கும், வண்டி ஏறிவிடுவார். கதாநாயகிக்குத் தலைவலி வந்துவிடும். மிச்சம் இருப்பது நானும் என்னைப் போல நாலு பேரும்தான். டைரக்டர் சுற்றுமுற்றும் பார்ப்பார். "ஹோல்கர், இன்னைக்கு நீ செத்துடு" என்பார்.

வேடிக்கை என்ன தெரியுமா? அந்தச் சுருளை இங்கே யாரும் ஓட்டிப் பார்ப்பதில்லை. நேரே மாஸ்கோவுக்குப் போய்விடும். டென்மார்க்கில் நான் கதவு திறக்கிறவன், கூட்டத்தில் நிற்கிறவன். உங்கள் ஊரில் படத்தையே முடித்துவைக்கிறவன். ஆனால் நான் சாவதை நான் பார்த்ததே இல்லை, பார்க்கப்போவதும் இல்லை.

அதனால் கேட்கிறேன். நான் எப்படிச் சாகிறேன், அக்கா? மறைக்காமல் சொல்.

என்றும் உன்
ஹோல்கர்

ஓம்ஸ்க்
3 மே 1912

தம்பி,

ஆற்றில் பனி உடைந்துவிட்டது. அத்தானுக்கு வெண்ணெய் ரயில் அனுப்பும் காலம், சாப்பிடக்கூட நேரமில்லை. போடில் சேற்றில் விழுந்து புரண்டு பன்றிக்குட்டியாகத் திரிகிறாள். நீ இளைத்துவிட்டாய் என்று படத்தைப் பார்த்தே தெரிகிறது, வேளைக்குச் சாப்பிடு.

இந்த வசந்தத்தில் நீ நாலு தடவை செத்திருக்கிறாய். கலங்கரை விளக்கத்தில் இடி விழுந்து, பாங்குக் காவலாளியாகத் துப்பாக்கிக் குண்டு பட்டு, சர்க்கஸ் கோமாளியாகக் கயிற்றிலிருந்து விழுந்து, அப்புறம் சுரங்கத்தில். இந்த ஊரில் உனக்குப் பேரே வைத்துவிட்டார்கள், "நம்ம தாத்தா". வெளியே போஸ்டரில் கதாநாயகர் படம் போட்டிருந்தாலும், "தாத்தா இருக்காரா?" என்று கேட்டுவிட்டுத்தான் டிக்கெட் வாங்குகிறார்கள். உனக்காகக் கோயிலில் மெழுகுவர்த்தி ஏற்றிக்கொண்டிருந்த பிரஸ்கோவ்யாவிடம் உன் கடிதத்தைக் காட்டினேன். "செத்தவன் எப்படிம்மா லெட்டர் போடுவான்?" என்று கேட்டாள். ஏமாற்றிவிட்டாய் என்று இரண்டு நாள் உன்மேல் கோபமாக இருந்தாள். ஞாயிற்றுக்கிழமை மறுபடியும் மெழுகுவர்த்தி ஏற்றினாள்.

நீ கேட்டதற்குச் சொல்கிறேன். மற்றவர்கள் மார்பைப் பிடித்துக்கொண்டு, கண்ணை உருட்டி, நாற்காலியை எல்லாம் தள்ளிவிட்டுச் சாகிறார்கள். நீ அந்தப் பாங்கில் குண்டு பட்டதும் மேஜை விரிப்பைப் பிடித்துக்கொண்டாய். விரிப்பு கலைந்தது. அதை நேராக இழுத்துவிட்டு, அதன் பிறகு விழுந்தாய். இருமிக்கொண்டிருந்த சிப்பாய்கூட இருமலை அடக்கிக்கொண்டான். சின்ன வயதில் என் பின்னலைப் பிடித்து இழுத்துக்கொண்டு திரிந்த பயலா இவன் என்று என்னால் நம்பவே முடியவில்லை.

பெருமையில் தலை கனத்துவிடாதே, ஏற்கெனவே மயிர் இல்லாத தலை.

தோரா

கோபன்ஹேகன்
9 அக்டோபர் 1912

என் அக்காவுக்கு,

நீ எழுதியதைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டே திரிகிறேன். வீட்டில் எல்லோரும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். எனக்கு ஜலதோஷம் மட்டும்.

அப்பாவுக்குத் தெரிந்துவிட்டது. கத்தவில்லை, அதுதான் பயமாக இருக்கிறது. அடுத்த கோடையில் ஓய்வு பெறுகிறாராம். துறைமுகத்தில் தன் நாற்காலியை எனக்கு வாங்கித்தரப் பேசி வைத்திருக்கிறார். வசந்தம் முடிவதற்குள் பதில் சொல்ல வேண்டும். "கூட்டத்துல நின்னு கைதட்டறதுக்கு ஒரு வயசு உண்டுடா" என்றார். அவர் பார்த்த படத்தில் நான் அதைத்தானே செய்கிறேன். என்ன பதில் சொல்வது?

போன மாதம் ஒரு படம் முடித்தோம். தீவில் ஒரு மீனவனின் மகளுக்கு நோய். இளம் டாக்டர் புயலில் படகு வலித்து வருகிறார். எங்கள் முடிவில் அவர் வந்து சேர்ந்து குழந்தையைப் பிழைக்க வைக்கிறார். உங்கள் முடிவில் படகு வருவதில்லை. மீனவன் நான்தான். டாக்டரே இல்லாத முடிவு என்பதால் முழுக்க முழுக்க என் தலையில். குழந்தைக்குக் குளிருகிறது என்று அவள் அம்மா மத்தியானமே கூட்டிக்கொண்டு போய்விட்டாள். ஒரு பொம்மைக்குப் போர்வை போர்த்திக் கட்டிலில் கிடத்தினார்கள். மண்டியிட்டு வானத்தைப் பார்த்துக் கையைத் தூக்கு என்று டைரக்டர் சொன்னார். வெயில் இறங்கிக்கொண்டிருந்தது, சீக்கிரம் சீக்கிரம் என்று கத்தினார். பெட்டி சுற்ற ஆரம்பித்தது. எனக்கு எல்லாம் மறந்துபோயிற்று. பொம்மையின் ஒரு காலுறை நழுவிக் கிடந்தது. அதை இழுத்துவிட்டேன். போர்வையைக் காலடியில் செருகினேன். அதன் பிறகு என்ன செய்வதென்று தெரியாமல் நிமிர்ந்தவன், பெட்டியின் கண்ணாடிக் கண்ணை நேராகப் பார்த்துவிட்டேன்.

அக்கா, எங்கள் தொழிலில் அதைவிடப் பெரிய பிழை கிடையாது. முதல் நாள் சேருகிறவன்கூட அதைச் செய்ய மாட்டான். பெட்டியைப் பார்த்தால் பார்க்கிறவர்களுக்குக் கதை கலைந்துவிடும், இது நடிப்பு என்று தெரிந்துவிடும். டைரக்டர் தொப்பியைத் தரையில் அடித்தார். மறுபடி எடுக்க வெளிச்சம் இல்லை. "சரி விடு, ரஷ்யாவுக்குத்தானே" என்றார்.

அந்தப் படம் உங்கள் ஊருக்கு வரும்போது பார். நான் நடிகனா, இல்லை சுங்க அலுவலகத்துக்குப் போக வேண்டியவனா, சொல். அந்த முடிவைப் பார்த்து எனக்கு நியாயம் சொல்ல உலகத்தில் நீ ஒருத்திதான் இருக்கிறாய். நீ சொல்வதை அப்படியே கேட்பேன். சத்தியம்.

உன் பதிலுக்குக் காத்திருக்கும்
ஹோல்கர்

ஓம்ஸ்க்
6 ஜனவரி 1913

ஹோல்கர்,

உன் கடிதம் கிடைத்தது. படம் இன்னும் வரவில்லை, வந்ததும் பார்த்து எழுதுகிறேன். அத்தான் புல்வெளிப் பக்கத்துக் கிராமங்களில் இருக்கும் வெண்ணெய் டிப்போக்களைப் பார்க்கப் போயிருக்கிறார், பனியில் ரயில் நின்றுவிட்டதாகத் தந்தி வந்தது. போடிலுக்குத் தொண்டை கட்டியிருக்கிறது, நேற்றிலிருந்து ஒன்றும் விழுங்க மாட்டேன் என்கிறாள். நம் பாஷை தெரிந்த எங்கள் டாக்டரும் அதே ரயிலில்தான் வர வேண்டும். பிரஸ்கோவ்யா ஏதோ கஷாயம் வைத்துக் கொடுக்கிறாள்.

கூப்பிடுகிறாள். பிறகு எழுதுகிறேன். உடம்பைப் பார்த்துக்கொள்.

தோரா

கோபன்ஹேகன்
2 பிப்ரவரி 1913

அன்புள்ள அக்கா,

போடிலுக்குத் தொண்டை சரியாகியிருக்கும். அவளுக்காக ஒரு பொட்டலம் அனுப்புகிறேன்: நான் கப்பல் தலைவனாகச் செத்தபோது ஒட்டியிருந்த மீசை. மூக்குக்குக் கீழே வெந்நீர் தொட்டு ஒட்டினால் பிடித்துக்கொள்ளும். ஒட்டிக்கொண்டு அத்தானை மிரட்டச் சொல்.

எங்கள் முடிவு இங்கே ஓடுகிறது. டாக்டருக்கு ஏக கைதட்டல். நானும் போய்க் கைதட்டிவிட்டு வந்தேன். உங்கள் ஊருக்குப் படம் வந்ததா? அப்பா வாரம் ஒரு கடிதம் போடுகிறார். எனக்கு உன் ஒரு வரி போதும்.

அத்தானுக்கு என் வணக்கம்.

ஹோல்கர்

கோபன்ஹேகன்
15 மார்ச் 1913

அக்கா,

நீ நலமா? இந்தத் தடவை சம்பிரதாயத்துக்குக் கேட்கவில்லை, நிஜமாகவே கேட்கிறேன். இரண்டு மாதமாக ஒரு எழுத்து இல்லை. படம் மாஸ்கோவை விட்டுக் கிளம்பிப் பல நாள் ஆயிற்று என்று அலுவலகத்தில் சொன்னார்கள். நீ பார்த்திருப்பாய். அவ்வளவு மோசமாகவா இருக்கிறது? என் மனம் நோகும் என்று பயப்படுகிறாயா? திட்டி எழுது, பரவாயில்லை. நீ திட்டாமல் இருந்ததே கிடையாதே.

ஹோல்கர்

ஓம்ஸ்க்
24 மார்ச் 1913

மச்சினன் ஹோல்கருக்கு லவ்ரிட்ஸ் எழுதுவது.

உங்கள் சுகத்துக்கு வேண்டிக்கொள்கிறேன். எனக்கு வெண்ணெய்க் கணக்குத் தவிர வேறு எழுதிப் பழக்கமில்லை, பொறுத்துக்கொள்ளுங்கள்.

போடில் ஜனவரி பத்தாம் தேதி போய்விட்டாள். தொண்டை அடைப்பான். என் ரயில் வந்து சேர்வதற்கு முந்தின நாள். டாக்டரும் என்னோடு அதே ரயிலில்தான் இருந்தார்.

உங்களுக்கு எழுத வேண்டாம் என்று தோரா சொல்லிவிட்டாள். நீங்கள் கேட்டு எழுதுகிற ஒவ்வொரு கடிதத்தையும் படித்து மடித்து வைக்கிறாள். நீங்கள் அனுப்பிய மீசையை அவள் கண்ணில் படாமல் நான் எடுத்து வைத்துவிட்டேன். அவள் இதுவரை அழவில்லை. ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. சமைக்கிறாள், துவைக்கிறாள், கேட்டதற்குப் பதில் சொல்கிறாள். குழந்தையின் பேரை மட்டும் சொல்வதில்லை.

இந்த மாதம் உங்கள் மீனவன் படம் வந்தது. வேண்டாம் என்று தடுத்துப் பார்த்தேன். போனாள். மறுநாளும் போனாள். இப்போது தினமும் போகிறாள், கடைசிச் சுருளுக்கு மட்டும் போய் நின்றுவிட்டு வருகிறாள். எனக்குப் பயமாக இருக்கிறது. உங்கள் ஊர் முடிவில் குழந்தை பிழைத்துவிடுகிறது என்று நீங்கள் எழுதியது ஞாபகம். அந்தத் துண்டு கிடைக்குமா? கொட்டகைக்காரரிடம் பேசிவிட்டேன், ஒட்டி ஓட்டிக் காட்டுகிறேன் என்கிறார். ஒரு தடவையாவது அந்தக் குழந்தை எழுந்து உட்காருவதை அவள் பார்க்கட்டும்.

லவ்ரிட்ஸ்

கோபன்ஹேகன்
14 ஏப்ரல் 1913

அக்கா, என் அக்கா,

எப்படி இருக்கிறாய் என்று கேட்கக் கை வரவில்லை.

அத்தான் எழுதிவிட்டார், அவரைக் கோபித்துக்கொள்ளாதே. எனக்குக் கையாட்டிய குழந்தை. அவளுக்குப் போய் மீசை அனுப்பினேனே. என் படம், என் வேலை, என் நியாயம் என்று உன்னைப் போட்டுப் பிடுங்கிக்கொண்டிருந்தேனே. உனக்கு உண்மையாக நடந்ததை நான் ஒரு பொம்மையை வைத்துக்கொண்டு விளையாடியிருக்கிறேன். அதையும் ஒழுங்காகச் செய்யாமல், கடைசியில் பெட்டியைப் பார்த்துக் கெடுத்துவைத்திருக்கிறேன். நினைத்தாலே கூசுகிறது.

படத்தை வெட்டி ஒட்டுகிற பெண்கள் இங்கே மாடியில் உட்கார்ந்திருப்பார்கள். அவர்களில் ஒருத்தியிடம் காரணத்தைச் சொன்னேன். எங்கள் முடிவிலிருந்து ஒரு பிரதியை எடுத்துக் கொடுத்தாள். தகர டப்பாவில் வைத்து இதோடு அனுப்புகிறேன். நெருப்புப் பக்கம் கொண்டுபோகாதீர்கள், பற்றிக்கொள்ளும். அந்தக் குழந்தை இதில் எழுந்து உட்கார்ந்து தண்ணீர் கேட்கிறாள்.

அப்பாவுக்குச் சரி என்று எழுதிவிட்டேன். ஜூன் முதல் தேதி சேர வேண்டும். இனிமேல் நான் யாருக்காகவும் சாக மாட்டேன், யாருடைய சாவுக்கும் அழுது காட்ட மாட்டேன். இந்தத் தொழிலே எனக்கு வேண்டாம்.

நீ பதில் எழுத வேண்டியதில்லை. நீ இருக்கிறாய் என்று அத்தான் எழுதினால் போதும்.

உன்
ஹோல்கர்

ஓம்ஸ்க்
11 மே 1913

தம்பி ஹோல்கருக்கு,

சாப்பிடுகிறேன். தூங்குகிறேன். என் சுகத்தைப் பற்றி இப்போதைக்கு இவ்வளவுதான் எழுத முடியும். நீ சுகமாக இருக்க வேண்டும்.

டப்பா வந்தது. அத்தான் அதைக் கொட்டகைக்கு எடுத்துப்போகக் கிளம்பினார், நான் வாங்கிக்கொண்டேன். ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து ஒவ்வொரு கட்டமாகப் பார்த்தேன். குழந்தை உட்காருகிறாள். டாக்டர் சிரிக்கிறார். உன்னைத் தேடினேன். ஐந்தாறு பேருக்குப் பின்னால் உன் மண்டையும் ஒரு காதும் தெரிந்தன. படத்தில் அவளைப் பெற்றவன் நீ, உன்னைப் பின்னால் நிறுத்திவிட்டு யார் யாரோ முன்னால் நின்று சிரிக்கிறார்கள். இதைத் திருப்பி அனுப்புகிறேன். இந்த முடிவை அவர்களே வைத்துக்கொள்ளட்டும்.

இனி நான் சொல்வதைக் கவனமாகப் படி. இதை நான் அத்தானிடம்கூடப் போன வாரம்தான் சொன்னேன்.

போடில் போன அன்றைக்கு நான் அழவில்லை. இங்கே ஜனவரியில் மண் இரும்பாகிவிடும். குழி வெட்டுவதற்கு முன் அந்த இடத்தில் விறகை அடுக்கி ஒரு நாள் முழுக்க எரிக்க வேண்டும். எனக்கு அந்தக் குளிரைத் தவிர வேறு நினைப்பே ஓடவில்லை. அவளுக்குக் கம்பளிக் காலுறை போட்டேன். அதன்மேல் இன்னொரு ஜோடி போட்டேன். பிரஸ்கோவ்யா என் கையைப் பிடித்து, "இனிமே அவளுக்குக் குளிராதும்மா" என்றாள். கையை உதறிவிட்டு மூன்றாவது ஜோடியைப் போட்டேன். துக்கத்துக்கு வந்த பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அழ வேண்டிய நேரத்தில் காலுறையை இழுத்துக்கொண்டிருக்கிறாளே, இவள் என்ன தாய் என்று அவர்கள் நினைத்தார்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். அந்த வெட்கத்தில்தான் எனக்கு வாய் அடைத்துப்போயிருந்தது, அவள் பேரைச் சொல்லவே எனக்கு அருகதை இல்லை என்று இருந்தேன்.

உன் படத்துக்குப் போனேன். நீ மண்டியிடவில்லை. வானத்தைப் பார்க்கவில்லை. அவள் காலுறையை இழுத்துவிட்டாய். போர்வையைக் காலடியில் செருகினாய்.

உனக்கு யாரடா சொன்னது? நீ அதைச் செய்தபோது என் குழந்தை இங்கே தோட்டத்தில் ஓடிக்கொண்டிருந்தாள். அவளுக்கு ஒரு தும்மல்கூட இல்லை. கல்யாணம் ஆகாதவன் நீ, ஒரு குழந்தைக்குக் காலுறை போட்டுவிட்டுப் பழக்கம் இல்லாதவன். உன் கைக்கு எப்படித் தெரிந்தது? தினமும் போய் நின்று இதைத்தான் பார்த்தேன். நான் பைத்தியம் இல்லை, அந்த நேரத்தில் தாயின் கை அதைத்தான் செய்யும் என்று ஒவ்வொரு நாளும் பார்த்துத் தெரிந்துகொண்டேன். இதை யோசிக்க யோசிக்க எனக்குக் கோயிலில் நிற்கிற மாதிரி இருக்கிறது.

அப்புறம் நிமிர்ந்து பெட்டியைப் பார்த்துவிட்டேன் என்று அழுகிறாய். நீ பெட்டியைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாய். என்னை மட்டும் இல்லை. கடைசி நாள் எனக்குப் பக்கத்தில் முன்பின் தெரியாத ஒரு பெண் நின்றிருந்தாள், நாட்டுப்புறத்துக்காரி. நீ பார்த்ததும் என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். விளக்குப் போட்டபின் எனக்குத் தெரிந்த அரைகுறை ரஷ்ய மொழியில், "உனக்கும் போயிடுச்சா?" என்று கேட்டேன்.

"ரெண்டு" என்றாள். "தாத்தா என்னைத்தான் பார்த்தாரு."

"என் பொண்ணு பேரு போடில்" என்றேன். சொன்னதும் எனக்கு அழுகை வந்துவிட்டது. பெஞ்சில் உட்கார்ந்து அவள் மடியில் தலையை வைத்து அழுதேன். கொட்டகைக்காரர் அடுத்த காட்சிக்குக் கதவைத் திறக்காமல் நிறுத்தி வைத்திருந்தார்.

படம் இப்போது டாம்ஸ்க்குக்குப் போயிருக்கிறது. அதற்கப்புறம் இர்குட்ஸ்க். அங்கெல்லாம் எத்தனை பெண்கள் வாயடைத்து உட்கார்ந்திருக்கிறார்களோ தெரியாது. நீ போய் அவர்களைப் பார்.

நான் சொல்வதை அப்படியே கேட்பேன் என்று சத்தியம் செய்திருக்கிறாய். அப்பாவுக்கு நானே இன்று எழுதிவிட்டேன். சுங்க அலுவலகத்துக்கு அவர் வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளட்டும்.

அக்கா
தோரா